குப்பைத் தொட்டியிலிருந்து புறப்பட்ட ரயில்

பூனை ஏதோ குப்பைத் தொட்டிக்குள் அகப்பட்டுக்கொண்டு கத்துகிறது என்றுதான் முதலில் நினைத்தார்கள். கிட்டப் போய்ப் பார்த்தால் பூனையல்ல, குழந்தை! பிறந்து மூன்று மாதமே ஆன ஆண் குழந்தை. மேலே செய்தித்தாளைப் போட்டு மூடியிருந்தார்கள்.

இது நடந்தது அமெரிக்காவின் தென் பகுதியில், டெக்ஸாஸ் மாநிலத்தின் தலைநகரமான ஆஸ்டினில், 1920களின் பிற்பகுதியில். குழந்தையைக் கையில் எடுத்தவள் எலா லேன் என்ற கறுப்பர் இனத்துப் பெண்மணி. கணவனை இழந்தவள். அவள் வயிற்றில் பிறந்த குழந்தைகளே அவளுக்கு இருந்தன. 'ஊரான் பிள்ளை நமக்கு எதற்கு?' என்று போலீஸில் ஒப்படைத்துவிட்டுப் போயிருந்தால் யாரும் அவளைக் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். எலா அம்மாள் அப்படிச் செய்யவில்லை. குழந்தையை வீட்டுக்கு எடுத்துச் சென்றாள். தன் குழந்தைகளோடு இன்னொரு குழந்தையாக வளர்த்தாள்.

அந்தக் குழந்தைதான் ரிச்சர்ட் லேன். பின்னாளில் அமெரிக்கா முழுவதும் 'நைட் ட்ரெயின்' லேன் என்று அவரைக் கொண்டாடியது. நைட் ட்ரெயின் என்றால் இரவு ரயில். 1952ஆம் வருஷம் விளையாட்டு மைதானத்தில் அவர் செய்த ஒரு சாதனையை, எழுபது வருஷங்களுக்கு மேலாகியும், இன்றுவரை எவராலும் மிஞ்ச முடியவில்லை.

இது என்ன ஆட்டம்?

"பந்தாட்டமாவது, நமக்காவது!" என்று பக்கத்தைத் திருப்பிவிடாதீர்கள், சகோதரிகளே! ஆட்டத்தைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்துகொண்டால்தான் லேன் செய்தது எத்தனை பெரிய காரியம் என்பது விளங்கும்.

அமெரிக்கர்கள் 'ஃபுட்பால்' என்று சொல்வது நாம் அறிந்த கால்பந்து அல்ல. காலுக்கு அதில் வேலை குறைவு. கைக்கும் தோளுக்குமே அதிகம். பந்தும் உருண்டை அல்ல. மட்டை உரிக்காத தேங்காயைப் போல இரு முனையும் கூம்பியிருக்கும். கட்சிக்குப் பதினோரு பேர். மைதானத்தின் நீளம் 100 கஜம். பந்து கையில் இருக்கும் கட்சிக்கு நான்கு வாய்ப்புகள் உண்டு. அதற்குள் பத்துக் கஜமாவது முன்னேற வேண்டும். முன்னேறினால் மறுபடி நான்கு வாய்ப்பு. இல்லாவிட்டால் பந்து எதிரிக்கு. எல்லைக் கோட்டுக்கு அப்பால் பந்தைக் கொண்டு சேர்த்துவிட்டால் அதற்கு 'டச்டவுன்' என்று பெயர். ஆறு புள்ளி கிடைக்கும்.

பந்தைக் கையில் இடுக்கிக்கொண்டு ஓடலாம். அல்லது தூர ஓடும் தோழனுக்கு எறியலாம். அப்படி எறியப்படும் பந்தை ஏந்துவதற்கென்றே காற்றாய்ப் பறக்கும் ஆட்கள் இருப்பார்கள். அவர்களுடைய நிழலைப் போலக் கூடவே ஓடித் தடுக்க வேண்டியவர்தான் 'கார்னர்பேக்', அதாவது மூலைக் காவலர்.

இந்த மூலைக் காவலரின் பாடு இருக்கிறதே, அது பரிதாபமானது! எதிராளி எந்தப் பக்கம் திரும்பப் போகிறான் என்பது அவனுக்குத் தெரியும், இவருக்குத் தெரியாது. அவன் முன்னோக்கி ஓடுவான். இவர் ஆரம்பத்தில் பின்னோக்கியே ஓட வேண்டும். ஒரே ஒரு கணம் ஏமாந்தால் போதும், ஆயிரக்கணக்கான ஜனங்கள் பார்த்துக்கொண்டிருக்க மானம் போய்விடும். நூறு முறை சரியாகத் தடுத்தாலும் கேட்பார் இல்லை. ஆனால் எதிரிக்காக எறியப்பட்ட பந்தை இவரே நடுவில் புகுந்து பறித்துவிட்டாரோ, ஆட்டமே தலைகீழாகிவிடும். அப்படிப் பறிப்பதைத்தான் 'இன்டர்செப்ஷன்' என்கிறார்கள்.

ஒரே ஒரு வருஷக் கல்லூரி

லேன் பள்ளிக்கூடம் போன காலத்தில் டெக்ஸாஸில் வெள்ளைக்காரப் பிள்ளைகளுக்கு ஒரு பள்ளி, கறுப்பர் பிள்ளைகளுக்கு வேறு பள்ளி. சட்டமே அப்படி. ஆஸ்டினில் கறுப்பர்களுக்காக இருந்த ஆண்டர்சன் உயர்நிலைப் பள்ளியில் லேன் படித்தார். படிப்புக்கு நடுவே தெருவில் ஷூவுக்குப் பாலிஷ் போட்டும் சில்லறை சம்பாதித்தார். பந்தாட்டமும் கூடைப்பந்தும் அங்கேதான் பழகினார்.

பள்ளிப் படிப்பு முடிந்ததும் அவர் போன இடம் நம்மைச் சற்று நிற்க வைக்கிறது. வடக்கே நெப்ராஸ்கா மாநிலத்தில் ஸ்காட்ஸ்பிளஃப் என்று ஒரு சிற்றூர். அங்கே வசித்து வந்தவள் வேறு யாருமல்ல, அவரைக் கைவிட்டுப் போன பெற்ற தாய்! அவளோடு சமாதானமாகி, அவளுடன் தங்கவே லேன் அங்கே போனார். வளர்த்தவளுக்கு நன்றி காட்டுவது எல்லோருக்கும் கூடும். எறிந்தவளைத் தேடிப் போக எத்தனை பேருக்கு மனசு வரும்?

அந்த ஊரில் ஒரு ஜூனியர் கல்லூரி இருந்தது. நம் நாட்டில் முன்பு இருந்த இன்டர்மீடியட் போல, இரண்டு வருஷப் படிப்பு. 1947இல் லேன் அதில் சேர்ந்து ஒரு பருவம் ஆடினார். ஜூனியர் கல்லூரி ஆட்டக்காரர்களில் தலைசிறந்தவர்களுள் ஒருவராகத் தேர்வு பெற்றார். அவ்வளவுதான். அவருடைய கல்லூரி வாழ்க்கை அத்துடன் முடிந்தது.

அமெரிக்காவில் தொழில்முறைக் கட்சிகள் வருஷந்தோறும் பெரிய பல்கலைக்கழகங்களிலிருந்து முறை வைத்து இளைஞர்களைத் தேர்ந்தெடுப்பது வழக்கம். ஒரு வருஷம் மட்டும் சின்ன ஊர்க் கல்லூரியில் ஆடியவரை யார் தேடி வருவார்கள்? லேனை யாரும் தேடி வரவில்லை. அவர் ராணுவத்தில் சேர்ந்துவிட்டார். கலிபோர்னியாவில் ஃபோர்ட் ஆர்டு என்ற முகாமின் கட்சிக்காக ஆடினார். நாலு வருஷம் அப்படிப் போயிற்று.

கையில் ஓர் ஒட்டுப் புத்தகம்

1952இல் ராணுவத்தை விட்டு வெளியே வந்தபோது லேனுக்குக் கிடைத்தது ஆகாய விமானத் தொழிற்சாலையில் ஒரு வேலை. எண்ணெயில் ஊறிய கனமான உலோகத் தகடுகளைத் தூக்கித் தூக்கி வைக்க வேண்டும். உடம்பெல்லாம் எண்ணெய்ப் பிசுக்கு. இதற்கா பிறந்தோம் என்று அவருக்குத் தோன்றியிருக்க வேண்டும்.

லாஸ் ஏஞ்சலஸ் நகரில் அவர் பஸ்ஸில் போகும் வழியில் 'ராம்ஸ்' என்ற தொழில்முறைக் கட்சியின் காரியாலயம் இருந்தது. சாதாரணக் கட்சி அல்ல. முந்தின வருஷம், 1951இல், நாட்டின் சாம்பியன் பட்டம் வென்ற கட்சி! ஒரு நாள் லேன் நேரே அதற்குள் நுழைந்துவிட்டார். சிபார்சுக் கடிதம் இல்லை. பெரிய கல்லூரிப் பட்டம் இல்லை. கையில் இருந்தது ஒரே ஒரு பொருள்தான். பள்ளியிலும் கல்லூரியிலும் ராணுவத்திலும் தாம் ஆடியதைப் பற்றிப் பத்திரிகைகளில் வந்த துணுக்குகளைக் கத்தரித்து ஒட்டி வைத்திருந்த புத்தகம்.

பயிற்சியாளர் ஜோ ஸ்டைடஹார் அதைப் புரட்டிப் பார்த்தார். "சரி, வந்து ஆடிக் காட்டு" என்ற மட்டும் வாய்ப்புக் கொடுத்தார். 1934 முதல் 1945 வரை தொழில்முறைக் கட்சிகள் கறுப்பர் ஒருவரைக்கூடச் சேர்த்துக்கொள்ளவில்லை. அந்தத் தடையை 1946இல் முதலில் உடைத்ததும் இதே ராம்ஸ் கட்சிதான். அந்தக் கதவு ஏற்கெனவே கொஞ்சம் திறந்திருந்தது லேனின் அதிருஷ்டம்.

பெயர் வந்த கதை

லேன் முதலில் ஆட விரும்பியது மூலைக் காவலராக அல்ல; பந்தை ஏந்துபவராக. ஆனால் ராம்ஸ் கட்சியில் அந்த இடத்தில் டாம் ஃபியர்ஸ், எல்ராய் ஹிர்ஷ் என்று இரண்டு சூரர்கள் இருந்தார்கள். அவர்களை யார் அசைக்க முடியும்? ஆட்ட நுணுக்கங்களைக் கேட்டுத் தெரிந்துகொள்வதற்காக லேன் அடிக்கடி ஃபியர்ஸின் அறைக்குப் போவார். ஃபியர்ஸ் 'நைட் ட்ரெயின்' என்ற இசைத்தட்டை ஓயாமல் வைத்துக் கேட்பவர். போகும்போதெல்லாம் அதே இசை! கூட ஆடிய ஒருவர் லேனையே அந்தப் பெயரால் அழைக்க ஆரம்பித்தார்.

தம்முடைய கறுத்த நிறத்தைக் கேலி செய்கிறார்களோ என்று லேனுக்கு முதலில் சந்தேகம். பெயர் பிடிக்கவில்லை. பிறகு வாஷிங்டன் கட்சியுடன் ஓர் ஆட்டம் வந்தது. அந்தக் கட்சியில் சார்லி ஜஸ்டிஸ் என்ற பிரபல ஆட்டக்காரர். அவருக்கும் ரயில் பெயர்தான்: 'சூ-சூ'! அவரை லேன் பிடித்துக் கீழே சாய்த்தார். மறுநாள் பத்திரிகையில், இரவு ரயில் சூ-சூ ரயிலைத் தடம் புரள வைத்துவிட்டதாகத் தலைப்பு! அதைப் பார்த்ததும் லேனுக்குப் பெயர் பிடித்துப்போயிற்று.

இதற்குள் கட்சியும் ஒன்றைக் கண்டுகொண்டது. ஏந்துவதைவிட, ஏந்துபவனைத் தடுப்பதில்தான் இந்த ஆள் சமர்த்தர் என்று தெரிந்தது. லேன் மூலைக் காவலரானார்.

பதினான்கு!

அந்த வருஷம் ஒரு கட்சிக்குப் பன்னிரண்டே ஆட்டங்கள். அந்தப் பன்னிரண்டில் லேன் பதினான்கு முறை எதிரியின் பந்தைப் பறித்தார். அதற்கு முன் இருந்த உச்சம் பதின்மூன்று. முதல் வருஷத்துப் புதுமுகம், பழக்கமே இல்லாத இடத்தில் நின்று, அதைத் தாண்டிவிட்டது! இப்போது ஒரு பருவத்துக்குப் பதினேழு ஆட்டங்கள் ஆடுகிறார்கள். பந்தை எறிவதும் அந்தக் காலத்தைவிட மிக அதிகம். அப்படியும் பதினைந்தை எட்டியவர் கிடையாது.

எப்படிச் செய்தார்? ஆறடிக்கு மேல் உயரம், நீண்ட கைகள், வேகமான கால்கள் எல்லாம் இருந்தன. ஆனால் முக்கியமானது யுக்தி. எதிராளியை வேண்டுமென்றே கொஞ்சம் இடம் விட்டு ஓட விடுவார். 'ஆஹா, ஆள் தனியாக இருக்கிறான்!' என்று நம்பிப் பந்தை எறிவார்கள். பந்து காற்றில் வரும்போதே லேன் பாய்ந்து குறுக்கே வந்துவிடுவார். எலி பிடிக்கும் பூனை சும்மா கண்ணை மூடிக்கொண்டிருப்பது போல் தோன்றுமே, அந்த வித்தைதான்!

பெருமையோடு ஒரு குறையையும் சொல்லத்தான் வேண்டும். ஓடி வருபவரைக் கழுத்தோடும் தலையோடும் வளைத்துப் பிடித்துச் சாய்ப்பது அவர் வழக்கம். 'நைட் ட்ரெயின் நெக்டை' என்றே அதற்குப் பெயர் வைத்தார்கள். கழுத்துக்கு விழும் சுருக்கு! எதிரிகள் நடுங்கினார்கள். இம்மாதிரிப் பிடிகளால் அபாயம் அதிகம் என்று, முகக் கவசத்தைப் பற்றி இழுப்பதை 1962இல் முழுவதும் தடுத்தார்கள். கழுத்துப் பிடியும் பின்னாளில் சட்ட விரோதமாயிற்று.

பட்டமில்லாத ராஜா

1954இல் லேன் சிகாகோ கார்டினல்ஸ் கட்சிக்கு மாற்றப்பட்டார். முதல் வருஷமே பத்துப் பந்துகளைப் பறித்து மறுபடியும் முதலிடம். ஆனால் கட்சியோ தோற்பதற்கென்றே ஏற்பட்டது போன்றது. 1960இல் டெட்ராய்ட் லயன்ஸ் கட்சிக்குப் போனார். அங்கே எதிர்ப்பக்கத்து மூலையில் டிக் லபோ என்ற இன்னொரு கெட்டிக்காரர். 1962இல் கிரீன் பே கட்சி அந்தப் பருவம் முழுவதிலும் ஒரே ஒரு ஆட்டத்தில்தான் தோற்றது. தோற்கடித்தது டெட்ராய்ட்! இருந்தும் சாம்பியன் பட்டம் கிரீன் பேக்கே போயிற்று.

பதினான்கு வருஷம் ஆடி, மொத்தம் 68 பந்துகளைப் பறித்தவருக்கு ஒரு தடவைகூடச் சாம்பியன் பட்டம் கிடைக்கவில்லை என்றால் விதியை என்ன சொல்வது!

பாடகியின் கணவர்

1963 ஜூலையில் லேன் மணந்தது சாமானியப் பெண்ணை அல்ல. 'புளூஸ் ராணி' என்று புகழ் பெற்ற பாடகி டைனா வாஷிங்டன்! முன்பே பலமுறை மணம் கண்டு, பலமுறை பிரிந்தவர் அவர். இனியாவது நிம்மதியாக இருப்பார் என்று ரசிகர்கள் எண்ணினார்கள்.

ஐந்து மாதம் ஆயிற்று. டிசம்பர் 14ஆம் தேதி விடியற்காலையில், டெட்ராய்ட் வீட்டில் லேன் கண் விழித்தபோது மனைவி அசைவற்றுக் கிடந்தார். தூக்க மாத்திரை அளவுக்கு மிஞ்சிவிட்டது. தற்செயலாக நேர்ந்த மரணம் என்று முடிவு சொன்னார்கள். அவருக்கு வயது 39தான். மைதானத்தில் எவ்வளவு வேகமாக வரும் பந்தையும் எட்டிப் பிடித்தவரால் பக்கத்தில் இருந்தவரைப் பிடித்து நிறுத்த முடியவில்லை.

போலீஸ் சங்கத்துப் பையன்கள்

முழங்கால் தொல்லை கொடுத்தது. 1965ஆம் வருஷப் பருவத்தோடு லேன் ஆட்டத்தை நிறுத்திக்கொண்டார். 1969இல், தொழில்முறை ஆட்டத்தின் முதல் ஐம்பது வருஷங்களில் மிகச் சிறந்த மூலைக் காவலர் இவரே என்று தேர்ந்தெடுத்தார்கள். 1974இல் புகழ் மண்டபத்தில் இடம் கொடுத்தார்கள்.

இவற்றைவிட நம் மனத்தைத் தொடுவது வேறொன்று. டெட்ராய்ட் பெரிய தொழில் நகரம். ஏழைப் பையன்கள் தெருவில் திரிந்து கெட்டுப்போகும் நகரமும்கூட. அவர்களை விளையாட்டில் இழுத்து நல்வழிப்படுத்த அங்கே 'போலீஸ் விளையாட்டுச் சங்கம்' என்று ஒன்று உண்டு. 1970களின் நடுவிலிருந்து 1992 வரை அதன் தலைமைப் பொறுப்பில் இருந்தவர் லேன். மைதானத்தில் ஆடிய வருஷங்களைவிட இந்தப் பையன்களோடு கழித்த வருஷங்கள் அதிகம்.

பிறகு அவர் ஆஸ்டினுக்கே திரும்பிவிட்டார். 2002 ஜனவரி 29ஆம் தேதி அங்கேயே காலமானார். பத்திரிகைகளெல்லாம் பதினான்கு என்ற எண்ணைப் பெரிதாகப் போட்டு எழுதின. போடட்டும், அது பெரிய எண்தான். டெட்ராய்ட் தெருக்களிலிருந்து மைதானத்துக்கு வந்து சேர்ந்த பையன்கள் எத்தனை பேர்? அவர்களை யார் எண்ணிப் பார்க்கப் போகிறார்கள்? எலா அம்மாள் எண்ணிப் பார்த்தா செய்தாள்?