'மோட்டார்ல விழுந்துட்டேன்' என்று சொன்னால் போதுமா? மண்பாதை விபத்தும் மருத்துவக் குறியீடும்

ஞாயிற்றுக்கிழமை காலை. நண்பர்களோடு செம்பனைத் தோட்டத்து மண்பாதையில் கப்சாய் ஓட்டப் போகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். முதல் நாள் நல்ல மழை. வளைவில் சக்கரம் வழுக்கி, முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிகிறது.

அவசரப் பிரிவில் தாதி கேட்கிறார்: "என்ன ஆச்சு தம்பி?"

"மோட்டார்ல விழுந்துட்டேன், மிஸ்ஸி."

பொய் இல்லை. ஆனால் அதோடு நிறுத்திக்கொண்டால், நீங்கள் பொதுச் சாலையில் விழுந்ததாகவே பதிவாகிவிடலாம்.

அது எப்படி?

மருத்துவக் குறியீடு என்றால் என்ன?

ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் எழுத்தும் எண்ணும் சேர்ந்த ஒரு குறியீடு உண்டு. உலகச் சுகாதார நிறுவனத்தின் ஐசிடி என்ற பட்டியல்தான் அதற்கு அடிப்படை. அதன் 10ஆம் பதிப்பு 1990இல் ஏற்றுக்கொள்ளப்பட்டது. 11ஆம் பதிப்பு 2022 ஜனவரி 1இல் நடப்புக்கு வந்தது. ஆனாலும் பல நாடுகளில் ஐசிடி-10 இன்னும் புழக்கத்தில் இருக்கிறது.

விபத்தில் காயம்பட்டவருக்குக் குறைந்தது இரண்டு குறியீடுகள் தேவை:

• என்ன காயம்? முழங்காலுக்குக் கீழ் எலும்பு முறிவு என்றால் எஸ்82. காறை எலும்பு என்றால் எஸ்42.0. தலையில் அடிபட்டு மூளை அதிர்ந்தால் எஸ்06.0.

• எப்படி நேர்ந்தது? மோட்டார் சைக்கிள் என்றால் வி20 முதல் வி29 வரை.

எதில் மோதினீர்கள் என்பதைப் பொறுத்து இரண்டாவது குறியீடு மாறும். குறுக்கே வந்த மாட்டின் மீது மோதினால் வி20. மரத்தில் மோதினால் வி27. எதிலும் மோதாமல் வழுக்கி விழுந்தால் வி28.

ஒரே ஓர் எண்தான் வித்தியாசம்

புள்ளிக்குப் பிறகு வரும் எண்ணைக் கவனியுங்கள். வழுக்கி விழுந்த ஓட்டுநருக்கு:

• பொதுச் சாலைக்கு வெளியே என்றால் வி28.0
• பொதுச் சாலையில் என்றால் வி28.4

பின்னால் உட்கார்ந்து வந்தவருக்கு அதுவே வி28.1, வி28.5 ஆகிவிடும்.

குறியீடு போடுபவர் உங்களைப் பார்ப்பதில்லை. மருத்துவரும் தாதியும் எழுதி வைத்த குறிப்புகளைத்தான் படிக்கிறார். அதில் இடம் குறிப்பிடப்படவில்லை என்றால்? ஐசிடி-10 விதி தெளிவாக இருக்கிறது: வேறு இடம் என்று சொல்லப்படாதவரை, அது பொதுச் சாலை விபத்தாகவே கருதப்படும்.

கரடுமுரடான பாதைக்கென்றே தயாரிக்கப்பட்ட வாகனங்கள் மட்டும் சம்பந்தப்பட்ட விபத்துக்கு இந்த விதி தலைகீழ். சாலை என்று சொல்லப்படாதவரை, அது சாலைக்கு வெளியே நடந்ததாகக் கொள்ளப்படும். அவற்றுக்கு வி86 என்ற தனிப் பிரிவு இருக்கிறது. அமெரிக்கா பயன்படுத்தும் பதிப்பில், மோட்டோகிராஸ் வகை மோட்டார் ஓட்டி சாலைக்கு வெளியே காயம்பட்டவருக்கென்றே வி86.56 என்ற குறியீடு உண்டு.

கப்சாய் அந்த வகை இல்லை. அதைக் காட்டுக்குள் ஓட்டினாலும் அது சாதாரண மோட்டார் சைக்கிள்தான். அதனால்தான் இடத்தைச் சொல்வது இன்னும் முக்கியமாகிறது.

தோட்டத்துச் சாலை எந்தக் கணக்கு?

இங்கேதான் குழப்பம். உரிமைப்படியோ வழக்கப்படியோ பொதுமக்கள் போய்வரும் வழி என்றால், ஐசிடி அதைப் பொதுச் சாலையாக எடுத்துக்கொள்ளும். ஊர்க்காரர்கள் தினமும் பயன்படுத்தும் தோட்டத்துச் சாலை அப்படிக் கணக்கில் வரலாம். மரங்களுக்கு நடுவே பழக்குலை ஏற்றும் தடம் வராது. "தோட்டத்துல விழுந்தேன்" என்பதைவிட "தோட்டத்துக்குள்ள, மரவரிசைக்கு நடுவுல விழுந்தேன்" என்பது தெளிவான பதில்.

இதனால் யாருக்கு என்ன?

முதலில் உங்களுக்கு. சேற்றில் பட்ட காயம் என்று தெரிந்தால், மருத்துவர் காயத்தைக் கழுவும் முறையும் டெட்டனஸ் தடுப்பூசி பற்றிய கேள்வியும் மாறும். சேற்று நீர் பட்டிருந்தால் எலிக்காய்ச்சல் அபாயமும் உண்டு. சில நாள் கழித்துக் காய்ச்சலோ கடுமையான தசைவலியோ வந்தால் மீண்டும் போய்க் காட்டுங்கள். 'ரோட்லதான் விழுந்தேன்' என்று வீட்டுக்குப் பயந்து சொல்லியிருந்தால், யாருக்கும் இந்தச் சந்தேகமே வராது.

அடுத்து, தோட்டத் தொழிலாளிகளுக்கு. பலருக்கு மோட்டார்தான் வேலைக்குப் போகும் வாகனம். வேலைக்குப் போகும் வழியில் நேரும் விபத்துக்கும் சொக்சோ பாதுகாப்பு உண்டு. குறியீடு மட்டும் அதை முடிவு செய்யாது. ஆனால் எங்கே, எப்போது, எதற்காகப் போனபோது விழுந்தார் என்ற மருத்துவக் குறிப்பு, பிறகு கொடுக்கும் விவரத்தோடு ஒத்துப்போக வேண்டும்.

கடைசியாக, எல்லாருக்கும். மலேசியச் சாலைகளில் உயிரிழப்போரில் பாதிக்கும் மேற்பட்டோர் மோட்டார் சைக்கிளில் சென்றவர்கள். எந்த இடத்தில் என்ன பாதுகாப்பு தேவை என்பதை எண்ணிக்கையைப் பார்த்துத்தான் திட்டமிடுகிறார்கள். மண்பாதையில் முறிந்த கால்கள் சாலைக் கணக்கில் சேர்ந்துவிட்டால், மண்பாதையில் ஆபத்தே இல்லாததுபோல் தோன்றும்.

மருத்துவமனையில் என்ன சொல்ல வேண்டும்?

• எங்கே: பொதுச் சாலையா, தோட்டமா, ஆற்றோரமா, பந்தயத் தடமா?
• எந்த வாகனம்: கப்சாயா, ஸ்கிராம்ப்ளரா?
• ஓட்டினீர்களா, பின்னால் இருந்தீர்களா?
• எதில் மோதினீர்கள், அல்லது சும்மா வழுக்கியதா?
• தலைக்கவசம் போட்டிருந்தீர்களா?
• வேலையா, பொழுதுபோக்கா?

வலியில் இதெல்லாம் ஞாபகம் வராது. கூட வந்த நண்பர் சொன்னாலும் போதும். "மோட்டார்ல போனோம், செம்பனைத் தோட்டத்துக்குள்ள, மண்ணு வழுக்கிடுச்சு. இவன்தான் ஓட்டினான்." இவ்வளவு சொன்னால் வி28.0 என்று சரியாகப் பதிவாகிவிடும்.