தள்ளிச் சென்ற தேர்

சென்ற தவணைப் பரீட்சையில் ‘ஊக்கமுடைமை’ என்னும் பொருள்பற்றிக் கட்டுரை வரையுமாறு மேல்வகுப்பு மாணவரைப் பணித்திருந்தேன். பெரும்பாலான விடைத்தாள்கள் நான் எதிர்பார்த்த வழியே சென்றன. எறும்பு வந்தது, சிலந்தி வந்தது, விளக்கொளியிற் படித்து உயர்ந்த பெரியோர் வரிசையாக வந்தனர். ஒரு மாணவன் மட்டும் அமெரிக்க நாட்டு மோட்டார்ப் பந்தயமொன்றிலே தோற்றுப்போன சாரதியைப்பற்றி நான்கு பக்கம் எழுதியிருந்தான். ‘பொருளுக்குப் புறம்பானது’ என்று சிவப்பு மையினால் எழுதி, நூற்றுக்கு இருபத்தைந்து புள்ளிகள் இட்டேன்.

விடைத்தாளைப் பெற்றுக்கொண்ட அவன், “ஐயா, வென்றவனைப்பற்றி எழுதினால்தான் அது ஊக்கமுடைமையோ?” என்று கேட்டான். அவ்வினாவில் துடுக்கு இல்லை, துயரமே இருந்தது. “பிறகு பார்ப்போம், தம்பி” என்று கூறி அப்பால் நகர்ந்தேன். ஆயினும் வினா என்னை வீடுவரை தொடர்ந்து வந்தது. வழக்கை ஆராயாது தீர்ப்புக் கூறிவிட்டேனே என்று மனம் உறுத்தியது. அப்பந்தயத்தின் வரலாற்றைத் தேடிப் படித்தேன்; அதன் படக்காட்சிகளை மருமகன் தன் கணினியிற் காட்டினான். அவ்வாறு அறிந்தவற்றுட் சிலவற்றை ஈண்டுக் கூறுவேன்.

அமெரிக்காவின் இந்தியானா மாநிலத்துத் தலைநகர் இந்தியானாபொலிஸ். அங்கே 1909ஆம் ஆண்டிலே கார்ல் பிஷர் என்பாரும் அவர்தம் கூட்டாளிகளும், மோட்டார்வண்டிகளைப் பரிசோதிப்பதற்கென ஓர் ஓடுபாதை அமைத்தனர். ஒரு சுற்று இரண்டரை மைல். நீள்வட்டம் எனப்படினும், அது நான்கு முடக்குகளை உடைய நீள்சதுரம் போன்றதே. நொறுக்கிய கல்லும் தாரும் இட்ட முதற்றளம் வண்டிகளின் வேகத்தைத் தாங்காது பெயர்ந்தது. அவ்வாண்டு ஆவணி மாதப் பந்தயங்களிலே சாரதி, துணையாள், பார்வையாளர் எனப் பலர் உயிரிழந்தனர். அதன்பின்னர் ஏறத்தாழ 32 இலட்சம் செங்கற்களைப் பதித்துப் பாதையைப் புதுக்கினர். இன்று பாதை முழுவதும் தார் போர்த்தியிருப்பினும், தொடக்கக் கோட்டிலே மூன்றடி அகலத்திற்கு மட்டும் அச்செங்கற்களை விட்டுவைத்திருக்கின்றனர். முன்னோரை மறவாத அச்செயல் பாராட்டத்தக்கது.

இங்கு ஓடும் வண்டிகள் நாம் தெருவிலே காணும் வண்டிகள் போன்றவை அல்ல. சாரதி ஒருவனே அமரக்கூடிய ஒடுங்கிய உடல். அதற்குப் புறத்தே, மட்காட் எதுவுமின்றி நான்கு சில்லுகளும் வெளிப்பட்டு நிற்கும். இத்திறந்த சில்லுகளிலேதான் ஆபத்து உறைகின்றது. விரைந்து உருளும் ஒரு சில்லு மற்றொரு வண்டியின் சில்லின்மேல் ஏறுமாயின், வண்டி வானில் எறியப்படும். மூன்று மூன்றாகப் பதினொரு வரிசையில் 33 வண்டிகள் புறப்பட்டு, எப்பொழுதும் இடப்புறமே திரும்பி, 200 சுற்றுகள் ஓடி 500 மைல்களை நிறைவுசெய்தல் வேண்டும். 1911ஆம் ஆண்டு மே மாதம் 30ஆம் நாள் நடந்த முதற்பந்தயத்தில் ரே ஹரூன் வென்றபோது, அதற்கு 6 மணி 42 நிமிடம் சென்றது. இன்றோ மணிக்கு 220 மைலுக்கு மேற்பட்ட வேகத்தில், ஒரு சுற்று ஏறக்குறைய 40 விநாடிகளில் முடிந்துவிடுகின்றது. நாம் ஒரு செய்யுளைச் சீர்பிரித்துப் படிப்பதற்குள் அவர் இரண்டரை மைல் கடந்துவிடுவர்!

இனி, அம்மாணவன் எழுதிய வரலாற்றுக்கு வருவோம். 1912ஆம் ஆண்டுப் பந்தயத்தில் ரால்ப் டி பால்மா என்னும் சாரதி மூன்றாஞ் சுற்றிலே முன்னணிக்கு வந்தான். அக்காலத்து வழக்கப்படி ரூபேட் ஜெவ்கின்ஸ் என்னும் துணையாள் அவனருகே அமர்ந்திருந்தான். தொடர்ந்து 196 சுற்றுகள் அவர்களே முதல்வர். பின்வந்தோர் பல சுற்றுகள் பின்தங்கியிருந்தனர். வெற்றி கைக்கு எட்டிய அந்நிலையிலே இயந்திரம் பழுதுற்றது. வண்டி நடை தளர்ந்து, பின்னர் அசைவற்று நின்றது. இருவரும் கீழே இறங்கினர். அப்பெரும் பாரத்தைத் தோள்கொடுத்துத் தள்ளிக்கொண்டு முடிவுக்கோட்டை நோக்கி நடந்தனர். அவர்களைக் கடந்து சென்ற ஜோ டோசன் வெற்றிபெற்றான். அவன் முன்னணியில் ஓடியவை இறுதி இரண்டு சுற்றுகளே. ஆனால் கூடியிருந்த மக்களின் ஆரவாரம் தள்ளிச் சென்ற இருவர்க்கும் உரியதாயிற்று. ஏட்டுக்கணக்கில் டி பால்மாவுக்குக் கிடைத்தது பதினோராம் இடம்.

பத்தாம் இடத்தைப் பெற்றவன் கதையும் சுவையுடையதே. ரால்ப் மல்போட் என்பான், முழுத்தூரத்தையும் ஓடி முடித்தாலன்றிப் பரிசுப்பணம் இல்லை என்று கேட்டு, ஏனையோர் வீடு திரும்பிய பின்னும் தனியனாய் ஓடினான். 8 மணி 53 நிமிடத்தில் பந்தயத்தை முடித்தான். அதுவும் ஊக்கமுடைமையே, ஆயின் அங்கே பொருள் காத்திருந்தது. டி பால்மாவுக்கு முன்னே காத்திருந்தது வெறுங்கோடு மட்டுமே.

டி பால்மா 1915ஆம் ஆண்டில் வெற்றியும் பெற்றான். அன்றும் இறுதிச் சுற்றுகளில் இயந்திரம் பழுதுற்றதாம். அம்முறை அது கோட்டைக் கடக்கும்வரை தாங்கிற்று. ஒரே மனிதன், ஒரே ஊக்கம். ஓர் ஆண்டு தோல்வி, ஓர் ஆண்டு வெற்றி. இடையிலே நின்றது ஓர் இரும்புத்துண்டின் வலிமையே அன்றோ!

இத்தகையது பின்னரும் நிகழ்ந்தது. 2011ஆம் ஆண்டு, பந்தயம் தொடங்கி நூறாண்டு நிறைந்த விழாவில், ஜே. ஆர். ஹில்டபிராண்ட் என்னும் இளைஞன் இறுதிச் சுற்றின் இறுதி முடக்குவரை முதல்வனாக வந்தான். மெதுவாகச் சென்ற வண்டியொன்றைக் கடக்க விலகியபோது சுவரில் மோதினான். நொறுங்கிய வண்டி சறுக்கியபடியே கோட்டைக் கடந்து இரண்டாம் இடம் பெற்றது. வென்ற டான் வெல்டன் அவ்வாண்டு ஐப்பசியில், லாஸ் வேகாஸ் நகரத்துப் பந்தயமொன்றில் மாண்டான். வெற்றியும் நிலையாது, தோல்வியும் நிலையாது என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ?

உயிரைப் பணயமாக வைக்கும் இவ்விளையாட்டை நான் புகழ வந்தேனல்லன். 1953லும் 1954லும் வென்ற பில் வுக்கோவிச், 1955இல் முன்னணியில் ஓடுகையிலேயே இறந்தான். 1964இல் தீப்பற்றி இருவர் மாண்டனர். அதன்பின்னரே எரிபொருளை மாற்றினர். 2002இல் மோதலின் வலியைத் தன்னுள் வாங்கிக்கொள்ளும் சுவரை இத்திடலில் அமைத்தனர். ஒவ்வொரு காவலும் ஓர் இழப்பின் பின்னரே வந்தது. இஃது எண்ணி வருந்தத்தக்கது.

ஆயினும் மாணவனின் வினாவிற்கு விடை எனக்கு வெகு அண்மையிலேயே இருந்தது. புறநானூற்றை ஆண்டுதோறும் கற்பிப்பவன் நான். வெண்ணிப் பறந்தலையிலே கரிகால் வளவன் வென்றான்; பெருஞ்சேரலாதன் புறப்புண் நாணி வடக்கிருந்தான். அப்போது வெண்ணிக் குயத்தியார் வென்ற வேந்தனையே விளித்து, நின்னினும் அவன் நல்லன் அன்றோ என்று கேட்டார். வென்றோனின் முகத்துக்கு நேரே தோற்றோனின் பெருமையைக் கூறிய புலவரின் பாடலை வகுப்பிலே விதந்து உரைத்துவிட்டு, அதே கருத்தை மாணவனொருவன் தானே கண்டு எழுதியபோது ‘புறம்பானது’ என்று கோடிட்டேன். எறும்பையும் சிலந்தியையும் எழுதியோர் நான் கொடுத்ததைத் திருப்பித் தந்தனர். இவனோ புதிதாக ஒன்றைக் கொணர்ந்தான்.

மறுநாள் விடைத்தாளைத் திரும்ப வாங்கினேன். வகுப்பின் முன்னிலையிலேயே, “தம்பி, பிழை என்னுடையது” என்றேன். சிவப்பு மையில் எழுதியதை அடித்துவிட்டு, புள்ளியை எழுபதாக உயர்த்தினேன். அவன் தலை குனிந்தபடி, “நன்றி ஐயா” என்றான்.

சந்திப் பிழைகளுக்குக் கழித்த புள்ளிகளை மட்டும் கழித்தபடியே விட்டிருக்கின்றேன்.