காலத்தைச் சேமித்த கனியம்



காலத்தை வளைக்கும் கல்லொன்று கதைகளிலே அடிக்கடி தோன்றுகின்றது. ஆழ்ந்த குகையொன்றிற் கிடைத்த அபூர்வக் கனியம் அது. அதனைக் கையில் வைத்திருப்பவனுக்கு ஒரு நாள் கழிவதற்குள் ஊரார்க்கு நூறாண்டு கழிந்துவிடும். இத்தகைய கதைகளை மாணாக்கர் விரும்பிப் படிப்பதை நான் தடுப்பதில்லை. படித்து முடித்ததும், "ஐயா, அப்படியொரு கல் உண்மையில் உண்டோ?" என்று அவர்கள் கேட்கும்போது மட்டும் விடையைச் சற்று நிதானித்தே சொல்லவேண்டியிருக்கின்றது.

ஏனெனில், அக்கற்பனை முழுப் பொய்யுமன்று. பெரும் பொருளொன்றின் அருகே காலம் மெதுவாகச் செல்லும் என்பது ஐன்ஸ்டைன் 1915இல் வகுத்த கொள்கையிலிருந்து பெறப்படும் உண்மை. ஆனால், இப்பூமி முழுவதும் ஒன்றுதிரண்டு செய்யும் வேலை எவ்வளவு தெரியுமா? வெகு தொலைவில் வானவெளியில் இருக்கும் கடிகாரத்தோடு ஒப்பிட்டால், நம் கடிகாரம் ஓராண்டிற் பிந்துவது ஒரு விநாடியின் ஐம்பதில் ஒரு பங்களவே. பூமிக்கே இவ்வளவுதானென்றால், கைக்கடங்கும் கல்லின் ஆற்றலைப்பற்றிப் பேசுவானேன்?

காலத்தை வளைக்கும் கல் இல்லை. காலத்தைச் சேமித்து வைக்கும் கல் உண்டு. அத்தகைய கற்களின் வரலாற்றிலே நம் சப்பிரகமுவ மாகாணத்திற்கு ஒரு தனியிடம் இருக்கின்றது.

ஆனந்த குமாரசுவாமி என்றவுடன் நடராச வடிவமும் கீழைக் கலையுமே நம் நினைவுக்கு வருகின்றன. சேர் முத்துக்குமாரசுவாமியின் புதல்வராகிய அவர், கலையுலகம் அறியுமுன்னே கனிய நூல் வல்லுநராய் விளங்கியவர். 1903 முதல் 1906 வரை இலங்கைக் கனிய ஆய்வுப் பகுதியின் தலைவராயிருந்தவர். கலைப் பட்டதாரியாகிய நான்கூட இதனை வெகு காலம் கழித்தே அறிந்தேன். பலாங்கொடைப் பகுதியில் இரத்தினக்கல் அகழ்வோர் சரளை மண்ணைக் கூடையிலிட்டு அலசும்போது, பாரமான சிறு கருங்கனவுருக்கள் அடியிலே தங்கும். விலைபோகாத அப்பொருளை 1904இல் அறிவுலகின் கவனத்திற்குக் கொண்டுவந்தவர் குமாரசுவாமி. முதலில் அது யுரேனியக் கனியமாகிய யுரேனினைற்று என்றே கருதப்பட்டது. இலண்டனில் அதனைப் பகுத்தாராய்ந்த டன்ஸ்ரன், அதிற் பெரும்பகுதி தோரியமே எனக் கண்டு, புதுக் கனியமென உறுதிசெய்தார். தோரியனைற்று என்னும் பெயர் அதற்கு வழங்கலாயிற்று.

அக்காலத்திற் பூமியின் வயதுபற்றிப் பெரும் பூசல் நிகழ்ந்துகொண்டிருந்தது. பூமி குளிர்ந்துவந்த வேகத்தைக் கணித்த கெல்வின் பிரபு, அதன் வயது 2 கோடி முதல் 4 கோடி ஆண்டுகளே என 1897இற் கூறியிருந்தார். மலைகள் தேய்ந்ததற்கும் உயிர்கள் மாறி வளர்ந்ததற்கும் அக்காலம் போதாதென்று மற்றையோர் முறையிட்டனர். முறையிட்டார்களேயன்றி, ஐயமற்ற எதிர்க்கணக்கு ஒன்றை அவர்களால் வைக்க முடியவில்லை.

எதிர்க்கணக்கு கனியங்களுக்குள்ளே இருந்தது. முற்காலத்து நாழிகை வட்டிலை எண்ணிப் பாருங்கள். மேற்கலத்து நீர் துளித்துளியாய்க் கீழ்க்கலத்தில் விழுகின்றது. கீழே சேர்ந்த அளவைக் கொண்டு கழிந்த நேரத்தைச் சொல்கின்றோம். யுரேனியம் கதிர்வீசிச் சிதைந்து, பல படிகளைக் கடந்து, ஈற்றில் ஈயமாகின்றது. எவ்வளவு யுரேனியத்தை எடுத்தாலும் அதிற் பாதி சிதைவதற்கு ஏறக்குறைய 447 கோடி ஆண்டுகள் செல்லும். பாறையின் வெப்பமும் அழுத்தமும் இவ்வேகத்தை மாற்றுவதில்லை. கதையிலே வருவதுபோலக் காலத்தோடு விளையாடும் கல்லாயிருந்தால் அது கடிகாரத்துக்கு உதவாது. எதற்கும் வளைந்துகொடாமையே இக்கடிகாரத்தின் சிறப்பு.

அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த போல்ட்வுட், 1907இல் இம்முறையாற் பல கனியங்களின் வயதைக் கணித்து ஒரு பட்டியல் வெளியிட்டார். அதிலே எல்லாவற்றிற்கும் மூத்ததாக நின்றது இலங்கைத் தோரியனைற்று. அதன் வயது 220 கோடி ஆண்டுகள்! கெல்வினின் கணக்கு எங்கே, இது எங்கே?

ஆயினும், அவ்வெண் பிழையானது. இன்றைய அளவீடுகளின்படி அக்கனியம் தோன்றிய காலம் சற்றேறக்குறைய 55 கோடி ஆண்டுகளுக்கு முன்னரே. இலங்கை, இந்தியா, மடகாஸ்கர், அந்தாட்டிக்கா ஆகியன ஒரே பெருநிலமாய் இணைந்த காலத்தை ஒட்டியது அது. அவ்வாறாயின், நம் கல் காலத்தை நான்கு மடங்காக நீட்டிக் காட்டியது எவ்வாறு? இங்கேதான் கதையிலுள்ள மாயக்கல்லை ஒரு கணம் நம்பத் தோன்றும். உண்மை யாதெனில், அவ்வட்டிலின்மேல் இரண்டு கலங்கள் இருந்தன. தோரியமும் மிக மெதுவாகச் சிதைந்து ஈயமாகின்றது. அதிற் பாதி குறைவதற்கு ஏறத்தாழ 1400 கோடி ஆண்டுகள் வேண்டும். தோரியத்திலிருந்து ஈயம் பிறப்பதில்லையென எண்ணிய போல்ட்வுட், கீழே சேர்ந்த ஈயம் முழுவதையும் யுரேனியத்தின் கணக்கிலேயே எழுதிவிட்டார்.

இரண்டு ஈயத்தையும் பிரித்தறிவது எப்படி? இரசாயன முறையில் இரண்டும் ஒன்றேயாம். எவ்வமிலத்தாலும் வேறுபடுத்த முடியாது. எடையினாலேதான் வேறுபாடு தோன்றும். இவ்வினாவுக்கு விடை தேடிய பிரித்தானிய விஞ்ஞானி சொடி, மீண்டும் நம் நாட்டையே நாடினார். தோரியம் மிகுந்த மற்றொரு கனியமாகிய இலங்கைத் தோரைற்றிலிருந்து அவர் ஈயத்தைப் பிரித்தெடுத்தார். சாதாரண ஈயத்தின் அணுநிறை 207.2, அவர் எடுத்த ஈயத்தின் அணுநிறை 207.74 என 1917இற் கண்டார். யுரேனியக் கனியங்களின் ஈயமோ சாதாரண ஈயத்திலும் இலேசானது என அமெரிக்காவில் றிச்சாட்ஸ் 1914இலேயே காட்டியிருந்தார். ஒரே மூலகம், வெவ்வேறு நிறை. சமதானிகள் என இன்று நம் மாணவர் பாடநூலிற் படிக்கும் கொள்கைக்கு இவ்வாறு வலுவான சான்று கிடைத்தது. 1921ஆம் ஆண்டிற்குரிய இரசாயன நோபல் பரிசு சொடிக்கு வழங்கப்பட்டது. இலங்கைக் கனியம் தந்த பிழையான விடையை நான் பெரிதாய் மதிப்பது இதனாலேயே. சரியான விடையொன்றைத் தந்திருந்தால் அது பட்டியலிலே ஒரு வரியாய் நின்றிருக்கும்.

இப்போது வயதளப்பதற்குப் பெரிதும் எடுக்கப்படுவது சேர்க்கன் என்னும் பளிங்கு. நிறமற்ற சேர்க்கனை மாத்தறை வைரம் என இரத்தின வணிகர் வழங்குவதை நீங்கள் கேட்டிருக்கலாம். அது உருவாகும்போது யுரேனியத்தைச் சிறிதளவு ஏற்றுக்கொள்ளும். ஈயத்தைப் பெரும்பாலும் ஏற்காது. ஆகவே பின்னர் அதற்குள் காணப்படும் ஈயம் ஏறக்குறைய முழுவதும் அங்கேயே பிறந்தது. கடிகாரம் வெறுமையிலிருந்து தொடங்குவது எவ்வளவு வசதி! மேலை அவுஸ்திரேலியாவின் ஜாக் குன்றுகளிற் கிடைத்த சேர்க்கன் மணியொன்றின் வயது 440 கோடி ஆண்டுகள் என 2001இல் அறிவிக்கப்பட்டது. பூமியின் வயதோ ஏறத்தாழ 455 கோடி ஆண்டுகள் என்பது 1956இல் அமெரிக்கராகிய பற்றர்சன் விண்கற்களின் ஈயத்தைக் கொண்டு நிறுவிய முடிவு.

மணலினும் சிறிய பளிங்கில் இவற்றை அளக்கும் கருவிக்கு, வயது ஐயமின்றித் தெரிந்த ஒரு பளிங்கை அருகே வைத்து ஒப்புநோக்க வேண்டும். கன்பராவிலுள்ள அவுஸ்திரேலிய தேசியப் பல்கலைக்கழக ஆய்வுகூடத்தார் அதற்கென நெடுங்காலம் வைத்திருந்தது இலங்கைச் சரளையிற் கிடைத்த சேர்க்கன் துண்டொன்றையே.