விடாது கருப்பு (மர்மதேசம்)

விடாது கருப்பு என்பது 1990களின் பிற்பகுதியில் சன் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான தமிழ் அமானுடத் தொடர். மர்மதேசம் என்ற பொதுத் தலைப்பில் வந்த தொடர்களில் 'ரகசியம்' என்பதற்கு அடுத்து வந்தது இது. இந்திரா சௌந்தர்ராஜனின் 'விட்டுவிடு கருப்பா' என்ற நாவலைத் தழுவியது. இயக்கியவர் நாகா. இயக்குநர் கே. பாலசந்தரின் மின்பிம்பங்கள் நிறுவனம் தயாரித்தது. சேத்தன், தேவதர்ஷினி ஆகியோர் முக்கிய வேடங்களில் நடித்தனர்.

கதாசிரியர்

இந்திரா சௌந்தர்ராஜன் 1958இல் பிறந்தவர். மதுரையில் வாழ்ந்து எழுதியவர். 2024 நவம்பர் 10 அன்று மதுரையில் காலமானார். கோயில், சித்தர், காவல் தெய்வம் ஆகியவற்றைச் சுற்றி மர்மக் கதை பின்னுவது இவரது பாணி. ஒரே நிகழ்ச்சிக்குப் பக்தர் சொல்லும் காரணத்தையும் பகுத்தறிவாளர் சொல்லும் காரணத்தையும் அருகருகே வைப்பார்.

கதைக்களம்

தோட்டக்காரமங்கலம் என்ற கற்பனைக் கிராமத்தில் கதை நடக்கிறது. ஊரின் காவல் தெய்வம் கருப்புசாமி. தவறு செய்தவர்கள் அங்கே ஒருவர் பின் ஒருவராக மர்மமான முறையில் தண்டிக்கப்படுகின்றனர். குதிரையில் வரும் கருப்புதான் தண்டித்தது என்று ஊரார் நம்புகின்றனர். ராஜேந்திரன் என்ற பாத்திரத்தின் சிறுவயதும் நிகழ்காலமும் மாறி மாறிச் சொல்லப்படுகின்றன. பிளவுபட்ட ஆளுமைக்கு ஆளான ராஜேந்திரனே கருப்பாக மாறுகிறான் என்பது இறுதியில் தெரிய வருகிறது.

காவல் தெய்வ மரபு

மதுரை வட்டாரத்தில் கருப்புசாமி வழிபாடு பரவலாக உள்ளது. மதுரைக்கு வடக்கே சுமார் 20 கி.மீ. தொலைவில் உள்ள அழகர்கோயிலின் பதினெட்டாம்படிக் கருப்பசாமி இவற்றில் புகழ்பெற்றது. இங்கே சிலை இல்லை. சந்தனம் பூசிய கோபுரக் கதவே தெய்வமாக வணங்கப்படுகிறது. அழகரின் ஆற்றலைக் கவர்ந்து செல்ல மலையாள நாட்டிலிருந்து வந்த 18 மந்திரவாதிகள் படிகளின் கீழ் புதைக்கப்பட்டனர் என்பது கோயில் கதை. சித்திரைத் திருவிழாவிற்கு அழகர் மதுரைக்குப் புறப்படும்போது, அவர் அணிந்து செல்லும் நகைகளின் பட்டியல் கருப்பசாமி முன் வாசிக்கப்படும். திரும்பி வந்த பிறகும் வாசித்துச் சரிபார்ப்பது வழக்கம். பேராசிரியர் தொ. பரமசிவன் 'அழகர்கோயில்' என்ற ஆய்வு நூலில் இக்கோயிலின் சமூகத் தொடர்புகளை விரிவாக எழுதியுள்ளார்.

கடன், சொத்து முதலிய வழக்குகளைப் பதினெட்டாம்படியில் சத்தியம் செய்து தீர்த்துக்கொள்ளும் பழக்கமும் உண்டு. பொய்ச் சத்தியம் செய்தால் குடும்பம் தழைக்காது என்ற அச்சமே அதன் வலிமை. எழுதிய பத்திரமோ நேரில் கண்ட சாட்சியோ இல்லாத ஏழைக்கு இது ஒரு கடைசி வழியாக இருந்தது.

அச்சத்தின் வேர்

சத்தியத்திற்கும் தொடரில் வரும் தண்டனைக்கும் முக்கியமான வேறுபாடு உண்டு. சத்தியத்தில் குற்றம் சாட்டப்பட்டவர் ஊரார் முன் வந்து நிற்கிறார். தம் பக்க நியாயத்தைச் சொல்கிறார். அஞ்சினால் உண்மையை ஒப்புக்கொண்டு திருந்தலாம். தோட்டக்காரமங்கலத்தில் அந்த வாய்ப்பு எவருக்கும் இல்லை. கேள்வி கேட்கும் முன்பே தீர்ப்பு முடிந்துவிடுகிறது. இறந்தவர் கெட்டவர் என்பதால், கொன்றவர் யார் என்று தேட ஊருக்கு மனம் வருவதில்லை. காவலுக்கு நிற்கும் தெய்வத்தின் பெயரே கொலைக்கு மறைவிடம் ஆகிவிடுகிறது. அருவாளையும் குதிரைக் குளம்பொலியையும் விட இந்த மௌனமே தொடரின் ஆழ்ந்த அச்சம்.

அச்சம் சூழ்ந்த சிற்றூர் உலகத் திரைப்படங்களிலும் அடிக்கடி வரும் களம். ஹென்றி ஜார்ஜ் குளூசோ 1943இல் இயக்கிய பிரெஞ்சுப் படமான 'லெ கோர்போ' (அண்டங்காக்கை) ஓர் எடுத்துக்காட்டு. அதில் பேய் இல்லை. அண்டங்காக்கை என்று கையொப்பமிட்டு வரும் மொட்டைக் கடிதங்கள் ஊராரின் ரகசியங்களை அம்பலப்படுத்துகின்றன. அங்கே ஒருவரை ஒருவர் சந்தேகித்து ஊர் உடைகிறது. தோட்டக்காரமங்கலத்திலோ எவரும் சந்தேகிக்காததால் ஆபத்து வளர்கிறது.

மனநலப் பார்வை

'பல ஆளுமைக் கோளாறு' என்று அழைக்கப்பட்ட இந்நிலைக்கு அமெரிக்க மனநல மருத்துவச் சங்கத்தின் கையேடு 1994 முதல் வேறு பெயர் வழங்குகிறது. சிறுவயதில் நேர்ந்த கடுமையான கொடுமைகளோடு இது பெரிதும் தொடர்புபடுத்தப்படுகிறது. கதைகளில் வருவதுபோல இந்நோயாளிகள் கொலைகாரர்கள் அல்லர். பெரும்பாலும் அவர்கள் தமக்கே தீங்கு செய்துகொள்ளும் நிலையில் இருப்பவர்கள். தொடரைப் பார்ப்போர் கதையின் திருப்பத்தையும் மருத்துவ உண்மையையும் பிரித்தறிய வேண்டும். எனினும் 'சாமி வந்துவிட்டது' என்று விட்டுவிடப்படும் ஒருவருக்கு மருத்துவர் தேவைப்படலாம் என்ற எண்ணத்தைத் தமிழ் வீடுகளின் கூடத்திற்கே கொண்டு வந்தது இத்தொடரின் பயன் எனலாம்.

பிற்காலத் தாக்கம்

இயக்குநர் நாகா பின்னர் 'ஆனந்தபுரத்து வீடு' (2010) என்ற பேய்ப் படத்தை இயக்கினார். ஆளுமைப் பிளவை மையமாகக் கொண்ட 'சந்திரமுகி', 'அந்நியன்' ஆகிய இரண்டும் 2005இல் வெளிவந்தன. அதற்குப் பல ஆண்டுகள் முன்பே அக்கருத்தைச் சின்னத்திரை ரசிகர்களுக்கு அறிமுகப்படுத்தியது விடாது கருப்பு. தொடர்ந்து துரத்தும் எந்தத் தொல்லையையும் 'விடாது கருப்பு' என்று குறிப்பிடுவது இன்றும் பேச்சுவழக்கில் உள்ளது.