‘டிஎல்எல் மிஸ்ஸிங்’னு லேப்டாப் சொல்லுதா? டவுன்லோடு பண்ணும் முன் இதைப் படிங்க

செல்போன் திரையை லேப்டாப்பில் காட்டப் போகும் நேரம் பார்த்துத்தான் அந்த எர்ரர் பெட்டி வந்து நிற்கும்: ஏதோ ஒரு டிஎல்எல் ஃபைலைக் காணோமாம். உடனே பலரும் அந்தப் பெயரை கூகுளில் தேடி, முதலில் வரும் தளத்தில் ஃபைலை இறக்கி, சிஸ்டம்32 ஃபோல்டருக்குள் போட்டுவிடுகிறார்கள். சிக்கல் ஆரம்பிப்பதே அங்கேதான்.

டிஎல்எல் என்றால் டைனமிக் லிங்க் லைப்ரரி. கல்யாண வீடுகளுக்கு வாடகைப் பாத்திரம் எடுப்பது மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு வீடும் அண்டா வாங்கி வைப்பதில்லை. தேவைப்படும்போது ஒரே கடையில் எடுத்துக்கொள்கிறார்கள். அப்படித்தான் வீடியோவைச் சுருக்குவது, வைஃபை வழியாக அனுப்புவது போன்ற வேலைகளுக்கான கோடு பொதுவான ஃபைல்களில் இருக்கும். பல செயலிகள் அதையே பகிர்ந்துகொள்ளும். ஸ்க்ரீன் மிரரிங்குக்கு விண்டோஸ் நம்பியிருப்பதும் இப்படிப்பட்ட ஃபைல்களைத்தான்.

ஆனால் ஃபைல் மட்டும் இருந்தால் போதாது. தருமபுரி, பாலக்கோடு, அரூர் பக்கம் அரசு கொடுத்த லேப்டாப் இருக்கும் வீடுகள் உண்டு. 2011 செப்டம்பரில் தொடங்கிய அந்தத் திட்டத்தின் முதல் கட்ட லேப்டாப்களில் வந்தது விண்டோஸ் 7. வயர் இல்லாமல் திரையைப் பகிரும் ‘மிராகாஸ்ட்’ தொழில்நுட்பம் அறிமுகமானதே 2012-ல். அது விண்டோஸுக்குள் வந்தது 2013-ல், 8.1 பதிப்பில். அதனால் விண்டோஸ் 7-ல் எந்த டிஎல்எல்லைக் கொண்டுவந்து போட்டாலும் மிராகாஸ்ட் முளைக்காது. வைஃபை சிப்பும் டிரைவரும்கூட ஒத்துழைக்க வேண்டும்.

விண்டோஸ் 10, 11 வைத்திருப்பவர்களுக்கு வேலை சுலபம். ‘டிஎக்ஸ்டயக்’ என்று தேடித் திறந்து, ‘சேவ் ஆல் இன்ஃபர்மேஷன்’ கொடுங்கள். அதில் சேமிக்கப்படும் ஃபைலில் மிராகாஸ்ட் என்ற வரிக்கு நேரே உங்கள் மெஷினுக்கு அது உண்டா இல்லையா என்று எழுதியிருக்கும். உண்டு என்றால் செட்டிங்ஸில் ‘ஆப்ஷனல் ஃபீச்சர்ஸ்’ போய் ‘வயர்லெஸ் டிஸ்ப்ளே’யைச் சேருங்கள். 2020-க்குப் பிறகு வந்த பதிப்புகளில் இது தானாக வருவதில்லை. நிறைய பேர் தடுமாறுவது இந்த இடத்தில்தான். ஐபோனாக இருந்தால் மிராகாஸ்ட்டே கிடையாது, அது ஏர்பிளே பக்கம்.

நிஜமாகவே ஃபைல் கெட்டுப்போயிருந்தால்? கமாண்ட் ப்ராம்ப்ட்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து ‘எஸ்எஃப்சி ஸ்கேன்நவ்’ கட்டளையை ஓட்டினால், சேதமான சிஸ்டம் ஃபைல்களை விண்டோஸே தன் சேமிப்பிலிருந்து மாற்றிவிடும். காசும் இல்லை, ரிஸ்க்கும் இல்லை. காணாமல் போனது ஏதாவது செயலியின் சொந்த டிஎல்எல் என்றால், அந்தச் செயலியை நீக்கிவிட்டு அதன் அதிகாரப்பூர்வ தளத்திலிருந்து மறுபடி இன்ஸ்டால் செய்வதுதான் வழி.

முகம் தெரியாத தளத்தின் டிஎல்எல் ஏன் ஆபத்து? அதை அழைக்கும் செயலிக்கு என்ன அதிகாரம் இருக்கிறதோ, அத்தனையும் அதற்குள் இருக்கும் கோடுக்கும் கிடைத்துவிடும். நீங்கள் டைப் செய்யும் பாஸ்வேர்டு, சேமித்து வைத்திருக்கும் வங்கி லாகின் எல்லாமே அதன் கைக்கு எட்டும்.

‘நாங்களே சரி பண்ணித் தர்றோம், இந்த ஆப்பைப் போடுங்க’ என்று போனில் பேசுபவர்கள் இன்னொரு ரகம். தொலைவிலிருந்து திரையைப் பார்க்கும் செயலி வழியாக நடக்கும் பண மோசடி பற்றி ரிசர்வ் வங்கி 2019-லேயே எச்சரித்தது. பணம் போய்விட்டால் தாமதிக்காமல் 1930-க்கு அழைக்க வேண்டும். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ, அந்தப் பணத்தை வழியிலேயே முடக்க அவ்வளவு வாய்ப்பு.