வலையைக் காத்த மாணவி

ஹாக்கி என்ற சொல்லைக் கேட்டதும் பசும்புல் தரையும், வளைந்த மட்டையும், உருண்டைப் பந்துமே நம் நினைவுக்கு வருகின்றன. கனடா நாட்டுக் குழந்தையின் மனக்கண் முன் எழுவதோ உறைந்த நீர்ப்பரப்பு. ஆண்டில் பல மாதங்கள் ஏரியும் குளமும் கல்லென இறுகிக் கிடக்கும் அந்த நாட்டில், எஃகுத் தகடு பொருத்திய காலணிகளை அணிந்து பனிக்கட்டியின் மேல் வழுக்கிச் சென்று ஆடும் ஆட்டத்துக்கே ஹாக்கி என்று பெயர்.

அந்த ஆட்டத்தில் பந்து கிடையாது. 3 அங்குல விட்டமும் 1 அங்குலக் கனமும் உள்ள கெட்டி ரப்பர் வட்டு ஒன்று பந்தின் வேலையைச் செய்கிறது. அதன் எடை ஏறக்குறைய 170 கிராம். துள்ளாமல் வழுக்கிச் செல்ல வேண்டும் என்பதற்காக ஆட்டத்துக்கு முன்பே அதைக் குளிர்ப் பெட்டியில் வைத்து உறையச் செய்து எடுப்பார்கள். பக்கத்துக்கு அறுவராக ஆடுவர். ஐவர் தளமெங்கும் விரைந்து திரிவர். ஆறாமவர் 6 அடி அகலமும் 4 அடி உயரமும் உள்ள வலையின் முன் நிற்பார். நாம் கோல் கீப்பர் என்று அழைக்கும் அவரைக் கோல் காப்பாளர் என்றே இங்குக் குறிப்பிடுகிறேன்.

மற்ற ஐவரும் ஒரு நிமிடம்கூட ஆகுமுன் களைத்து வெளியேறி, மாற்றாட்களுக்கு இடம் கொடுப்பர். சற்றே இளைப்பாறி மீண்டும் வருவர். கோல் காப்பாளருக்கு அந்தச் சலுகை இல்லை. 20 நிமிடங்கள் கொண்ட மூன்று பகுதிகளிலும் அவர் நின்றாக வேண்டும். அணியில் இரண்டு மூன்று கோல் காப்பாளர்கள் இருந்தாலும் நிற்கும் இடம் ஒன்றுதான். ஒருவர் நின்றால் மற்றவர் பலகையில் உட்கார்ந்து பார்க்க வேண்டியதே. ஆகவே, கோல் காப்பாளர் ஒருவரின் வாழ்க்கை வரலாறு என்பது பெரும்பாலும் அந்த ஓர் இடத்தைப் பெற்றதும், காத்ததும், விட்டுக் கொடுத்ததுமான வரலாறேயாகும். பெண்ணாயிருந்தால், அப்படி ஓர் இடம் முதலில் இருந்ததா என்ற கேள்வியும் உடன் எழுகிறது.

இந்த ஆட்டத்தின் வளர்ச்சியில் கல்லூரிகளுக்குப் பெரும் பங்கு உண்டு. கூரையின் கீழ், விதிமுறைகளுடன் ஆடப்பட்ட முதல் ஆட்டமாகக் கருதப்படுவது 1875 மார்ச் 3-ஆம் நாள் மாண்ட்ரியால் நகரில் நடந்தது. ஆடியவர்களுள் மெக்கில் பல்கலைக்கழக மாணவர்களும் இருந்தனர். மாணவிகளும் பின்தங்கிவிடவில்லை. 1927-ல் கிங்ஸ்டன் நகரத்துக் குவீன்ஸ் பல்கலைக்கழகத்தின் மாணவியர் அணியில் கோல் காத்த எலிசபெத் கிரகாம், வாள்வீச்சுக்காரர்கள் அணியும் கம்பிவலை முகமூடியை அணிந்து தளத்தில் இறங்கினார். பல் வைத்தியத்துக்குச் செலவிட்டது வீணாகக் கூடாது என்பதே காரணமாம்! ஹாக்கியில் முகமூடி அணிந்ததாக அறியப்படும் முதல் கோல் காப்பாளர் இவரே. ஆடவரோ அதைக் கோழைத்தனம் என்றே நெடுங்காலம் எண்ணி வந்தனர். 1959 நவம்பர் 1-ஆம் நாள் நியூயார்க்கில் வட்டு முகத்தில் பட்டுக் குருதி பெருகிய பிறகுதான் ஜாக் பிளான்ட் என்னும் புகழ் பெற்ற வீரர், முகமூடி இல்லாமல் இனித் திரும்ப மாட்டேன் என்று தம் பயிற்சியாளரிடம் உறுதியாகச் சொல்ல நேர்ந்தது. மாணவி ஒருத்திக்கு விளங்கிய உண்மை தொழில்முறை வீரர்களிடையே வேரூன்ற முப்பது ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று.

இனி, நாம் சிறப்பாகக் காண இருக்கும் வீராங்கனைக்கு வருவோம். கிம் சேன் பியேர் 1978 டிசம்பர் 14-ஆம் நாள், கியூபெக் மாகாணத்தில் மாண்ட்ரியாலை அடுத்த ஷாட்டோகே என்னும் ஊரில் பிறந்தார். அவர் பதினெட்டு வயது வரையில் சிறுவர்களுடனேயே ஆடினார். பெண்களுக்கான உலகப் போட்டியே 1990-ல்தான் தொடங்கியது. ஒலிம்பிக் பந்தயத்தில் அவர்களுக்கு இடம் கிடைத்தது 1998-ல் நாகனோ நகரில். கனடியப் பல்கலைக்கழகங்களின் மாணவியருக்கான தேசியப் போட்டியும் அதே 1998-ல் ஏற்பட்டதே. ஆக, அவர் வளர்ந்து கொண்டிருந்தபோதே அவருக்குரிய களமும் வளர்ந்து கொண்டிருந்தது. மெக்கில் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தபோதுதான் பெண்கள் அணி ஒன்றின் வலை முன் அவர் நிலையாக நின்றார். தளமும் பயிற்சியாளரும், வாரந்தோறும் எதிர்த்து ஆட ஓர் அணியும் அங்குக் கிடைத்தன. பெண் ஆட்டக்காரருக்குச் சம்பளம் என்ற பேச்சே எழாத அந்நாளில் இவற்றை வேறு எங்கே பெற்றிருக்க முடியும்?

கோல் காப்பவரின் கலை என்ன என்பதைச் சற்றுப் பார்ப்போம். மணிக்கு 100 கிலோமீட்டர் வேகத்தில் வரும் வட்டு 10 மீட்டர் தூரத்தைக் கடக்க ஒரு விநாடியில் மூன்றில் ஒரு பங்குக்குச் சற்று மேலான நேரமே ஆகிறது. கண் கண்டு, மூளை உணர்ந்து, தசை அசைவதற்கே ஏறக்குறைய ஐந்தில் ஒரு விநாடி கழிந்துவிடும். எனவே, வட்டைப் பார்த்த பிறகு கையை நீட்டுபவர் பெரும்பாலும் பிந்திவிடுவார். அடிப்பவரின் தோள், மட்டையின் சாய்வு, பக்கத்தில் காத்திருக்கும் கூட்டாளி ஆகியவற்றைக் கண்டு முன்கூட்டியே கணித்துக்கொள்ள வேண்டும். வலையை விட்டு இரண்டடி முன்னே வந்தால், அடிப்பவர் கண்ணுக்கு வலை சிறுத்துத் தோன்றும். அதிகம் வந்துவிட்டாலோ பக்கவாட்டில் வட்டைத் தள்ளி வெறும் வலையில் போட்டு விடுவர். இது வடிவ கணிதப் பாடமே. கரும்பலகை மட்டும் இல்லை. முழங்கால்களை ஒன்றுசேர்த்துப் பனிக்கட்டியில் ஊன்றி, கால் கவசங்களை இரு பக்கமும் வண்ணத்துப்பூச்சியின் இறகுகளைப் போல் விரிக்கும் முறை ஒன்று உண்டு. மாண்ட்ரியால் அணியில் ஆடிய பாட்ரிக் ருவா அதைப் புகழ்பெறச் செய்தார். அவருக்குப் பின் வந்த தலைமுறையினர் அதையே கற்று வளர்ந்தனர்.

கனடிய அணியில் இடம்பெற்றுச் சேன் பியேர் 1999, 2000, 2001 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் உலகப் பட்டம் பெற்றார். 2002-ல் சால்ட் லேக் நகரில் ஒலிம்பிக் பந்தயம் வந்தது. அதற்கு முன் நடந்த முன்னோட்ட ஆட்டங்களில் அமெரிக்க அணி கனடாவைத் தொடர்ந்து எட்டு முறை தோற்கடித்திருந்தது. பிப்ரவரி 21-ஆம் நாள் இறுதி ஆட்டத்திலும் எதிரே நின்றது அதே அணி. அரங்கமோ அவர்கள் நாட்டில். குற்றம் செய்த ஆட்டக்காரர் பெரும்பாலும் 2 நிமிடம் தண்டனைப் பெட்டியில் உட்கார வேண்டும். அதுவரை அவர் அணி ஓர் ஆள் குறைவாக ஆட வேண்டும் என்பது விதி. அன்று நடுவர் கனடாவின் மீது தொடர்ந்து எட்டுத் தண்டனைகளை விதித்தார். ஐவரை நால்வர் எதிர்த்து நிற்கையில் வரும் அடிகளுக்கெல்லாம் விடை சொல்ல வேண்டியவர் கோல் காப்பாளர் அன்றோ? இரண்டாம் பகுதி முடிய ஒரு விநாடியே இருந்தபோது ஜெய்னா ஹெஃபர்ட் அடித்த கோலால் கனடா 3-1 என முந்தியது. அமெரிக்கா பின்னர் ஒரு கோல் அடித்தது. அதற்கு மேல் இடம் கொடுக்காமல் ஆட்டம் 3-2 என முடிந்தது. அப்பந்தயத்தின் சிறந்த கோல் காப்பாளராகச் சேன் பியேர் தேர்ந்தெடுக்கப்பட்டார். அப்போது அவருக்கு வயது 23.

பொன் பதக்கம் பெற்றவர் மீண்டும் கல்லூரித் தளத்துக்கே திரும்பினார். 2003 நவம்பர் 15-ஆம் நாள் மெக்கில் ஆடவர் அணியின் வலை முன் நின்றார். ஆடவர் ஆட்டத்தில் உடலால் மோதித் தள்ளுவது விதிக்கு உட்பட்டது. அடிகளின் வேகமும் மிகுதி. எதிரணி அந்நாளில் ரையர்சன் என்று பெயர் கொண்டிருந்த பல்கலைக்கழகத்தினுடையது. 2022 முதல் அதன் பெயர் டொராண்டோ பெருநகரப் பல்கலைக்கழகம். மெக்கில் 5-2 என வென்றது. கனடியப் பல்கலைக்கழக ஆடவர் ஹாக்கியின் முறையான பருவ ஆட்டத்தில் பெண் கோல் காப்பாளர் ஒருவர் பெற்ற முதல் வெற்றி அதுதான். அவரைப் பற்றி எழுதுவோர் பலர் இந்நிகழ்ச்சியையே முதலில் வைக்கின்றனர். ஆடவரோடு ஆடி வென்றதுதான் ஒரு பெண்ணின் திறமைக்கு உரைகல்லா? அந்த எட்டுத் தண்டனைகளை ஒரு தட்டிலும் இந்த ஒரு மாலையை மறு தட்டிலும் வைத்தால், முன்னதே தாழும் என்பது என் எண்ணம்.

கோல் காப்பவரின் கணக்கை ஆட்ட முடிவைக் கொண்டு மட்டும் எழுத இயலாது. 30 அடிகளில் 28-ஐத் தடுத்தவர் நூற்றுக்கு 93-க்கு மேல் பெறுகிறார். ஆயினும் தம் அணி ஒரே கோல் அடித்திருந்தால் அவர் தோற்றவரே. 2005-ல் ஸ்வீடனில் நடந்த உலகப் போட்டியில் சேன் பியேர் இடம்பெற்ற கனடிய அணி, போட்டி முழுவதிலும் ஆட்ட நேரத்தில் ஒரு கோலைக்கூட விட்டுக் கொடுக்கவில்லை. இறுதி ஆட்டம் இரு பக்கமும் கோலின்றி நீண்டது. பிறகு, ஒருவர் பின் ஒருவராகத் தனித்து வந்து வலையை நோக்கி அடிக்கும் முறையில் அமெரிக்கா வென்றது. கனடாவுக்கு வெள்ளிதான் கிடைத்தது.

2004-லும் 2007-லும் அவர் மேலும் இரு உலகப் பட்டங்களைப் பெற்றார். 2006-ல் தூரின் நகரிலும் 2010-ல் வான்கூவரிலும் ஒலிம்பிக் பொன் பதக்கங்கள் அவர் கழுத்தில் ஏறின. ஆனால் அவ்விரு இறுதி ஆட்டங்களிலும் வலை முன் நின்றவர் அவர் அல்லர். தூரினில் ஷார்லின் லபோன்டே நின்றார். வான்கூவரில் ஷானன் சபாடோஸ் அமெரிக்கர்களுக்கு ஒரு கோலும் கொடாமல் 2-0 என வென்று தந்தார். அந்த லபோன்டேயும் பின்னர் மெக்கில் மாணவியாகி, 2008, 2009, 2011 ஆண்டுகளில் பல்கலைக்கழகத் தேசியப் பட்டத்தை அங்குக் கொண்டு வந்த அணியில் கோல் காத்தார். ஒலிம்பிக் வலையிலும் கல்லூரி வலையிலும், சேன் பியேருக்குப் பின் அவருடைய இடத்தில் நின்றவர் ஒருவரே! பலகையில் உட்கார்ந்திருக்கும் கோல் காப்பாளருக்கும் வேலை உண்டு. பயிற்சியில் நூற்றுக்கணக்கான அடிகளை அவர் வாங்குவார். எந்நேரமும் அழைப்பு வரலாம் என்று உடலைச் சூடு குறையாமல் வைத்திருப்பார். அந்த அழைப்பு வராமலே போட்டி முடிவதும் உண்டு.

எதிர்பாராத அழைப்பும் ஒன்று வந்தது. 2008 அக்டோபரில், மாண்ட்ரியால் கனேடியன்ஸ் என்னும் பெரும் தொழில்முறை ஆடவர் அணியின் கோல் காப்பாளர் கேரி பிரைஸ் காய்ச்சலால் வர இயலாதபோது, பயிற்சிக்குச் சேன் பியேரை அழைத்தனர்.

டொராண்டோவில் உள்ள ஹாக்கிப் புகழ் மண்டபம் பெண் ஆட்டக்காரர்களை முதன்முதல் ஏற்றது 2010-ல். 2020-ஆம் ஆண்டுக்குரியவர்களுள் ஒருவராகச் சேன் பியேர் தேர்ந்தெடுக்கப்பட்டார். அந்த மண்டபத்தில் இடம்பெற்ற முதல் பெண் கோல் காப்பாளர் அவரே. கொள்ளைநோய்க் காலமாதலால் விழா 2021 நவம்பருக்குத் தள்ளிப்போயிற்று.

ஒரு குறை அவர் ஆடிய காலம் முழுவதும் இருந்தது. கல்லூரியை விட்டு வெளியே வந்த பெண்ணுக்கு ஹாக்கி பிழைப்பாக இல்லை. 2007-ல் தொடங்கிய கனடியப் பெண்கள் கழகப் போட்டி, பத்து ஆண்டுகள் சென்ற பிறகே ஆட்டக்காரர்களுக்குச் சிறு தொகை கொடுக்கத் தொடங்கியது. 2019-ல் அதுவும் கலைந்து போயிற்று. ஆட்டக்காரர்களுக்கு முறையான ஊதியம் தரும் புதிய பெண்கள் தொழில்முறைப் போட்டி ஆறு அணிகளுடன் 2024 ஜனவரி 1-ஆம் நாள் டொராண்டோவில் தொடங்கியது. அந்த முதல் ஆட்டத்தில் நியூயார்க் அணி 4-0 என்று வென்றது. அதன் வலை முன் நின்று வட்டு ஒன்றையும் உள்ளே விடாதவர் காரின் ஷ்ரோடர். பாஸ்டன் பல்கலைக்கழகத்தில் கோல் காத்துப் பழகியவர்.