தோற்றுப் பிழைத்த பயில்வான்!

"நான்தான் தாராசிங்!"

"இல்லை, நான்தான் தாராசிங்!"

திண்டுக்கல்லை அடுத்த அகரம் போன்ற ஊர்களில், 1950-களிலும் 60-களிலும், மணலைக் கண்டால் பையன்கள் குஸ்தி போடுவார்கள். குஸ்தி தொடங்குமுன் இந்தச் சண்டை தொடங்கிவிடும். எல்லாரும் தாராசிங் ஆகவே ஆசைப்படுவார்கள். கிங்காங் ஆக ஒருவனும் சம்மதிக்க மாட்டான். கடைசியில், கூட்டத்தில் யார் தடியனோ அவன் தலையில் அந்தப் பெயரைக் கட்டுவார்கள். அவனும் முனகிக்கொண்டே ஒத்துக்கொள்வான்.

முனகல் எதற்கு? கிங்காங் என்றால் தோற்றாக வேண்டும்!

டீக்கடைக்கு வரும் தினசரியில் படம் பார்த்த பையன்களுக்கு அவ்வளவுதான் தெரியும். தோற்பதற்கென்றே வந்த அந்த மாமிச மலை யார்? எந்த ஊர்க்காரர்? இது அவருடைய கதை.

பெயர் கொடுத்த நாடு

அவருடைய உண்மைப் பெயர் எமில் சாயா. 1909-ஆம் ஆண்டு, அன்றைய ஹங்கேரி ராஜ்யத்தில் பிறந்தவர். அவர் பிறந்த வட்டாரம் முதல் உலக யுத்தத்துக்குப் பிறகு ருமேனியாவின் வசமாகிவிட்டது. சிறுவனாக இருந்தபோதே பிறந்த நாடு கை மாறிப் போனது!

உயரம் 6 அடி. எடையோ 400 பவுண்டுக்கு மேல்! அதாவது 180 கிலோவைத் தாண்டிய சரீரம். அந்த உடம்பை மூலதனமாக வைத்துக்கொண்டு அவர் கீழ்த்திசைக்குப் புறப்பட்டு வந்தார்.

1933-இல் ஹாலிவுட்டில் "கிங்காங்" என்ற படம் வெளியாயிற்று. ராட்சதக் குரங்கின் கதை. உலகமே அதைப் பார்த்து வாயைப் பிளந்தது. இந்தியாவில் ஒரு சினிமாவில் அந்த வேஷத்தைப் போட்டதால்தான் எமில் சாயாவுக்கு அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது என்பார்கள். பெயர் எப்படி வந்திருந்தாலும் சரி, அதன் பிறகு எமில் சாயாவை யாரும் தேடவில்லை. கிங்காங்கைப் பார்க்கத்தான் டிக்கெட் வாங்கினார்கள்.

நிஜக் குஸ்தியில் வந்த சங்கடம்

பலசாலியான ஒருவர் ஏன் தோற்பதைத் தொழிலாகக் கொள்ள வேண்டும்? அதற்கு மல்யுத்தத்தின் கதையைக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும்.

1910-ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம். லண்டன் நகரில் இந்தியாவின் மகா பயில்வான் காமாவும், போலந்து வீரர் ஸ்பிஸ்கோவும் மோதினார்கள். காமாவின் பலத்தைக் கண்ட ஸ்பிஸ்கோ தரையோடு தரையாகப் படுத்துக்கொண்டார். அவரைப் புரட்ட முடியவில்லை. இரண்டரை மணி நேரத்துக்கு மேல் இதே கதை! வெற்றி தோல்வி இல்லாமல் ஆட்டம் முடிந்தது. காசு கொடுத்து வந்தவர்கள் கொட்டாவி விட்டார்கள்.

1928-இல் பாட்டியாலாவில் அதே இருவரும் மறுபடி மோதினார்கள். இந்தத் தடவை ஒரு நிமிஷத்துக்குள் ஸ்பிஸ்கோவைச் சாய்த்துவிட்டார் காமா! தொலைதூரத்திலிருந்து வந்து உட்கார்ந்தவர்கள் வேட்டியைச் சரிசெய்து நிமிர்வதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

நிஜக் குஸ்தியின் சங்கடம் இதுதான். ஒன்று, முடிவே வராது. இல்லை, கண்ணைச் சிமிட்டுவதற்குள் வந்துவிடும். டிக்கெட் விற்கிறவர் என்ன செய்வார்?

அமெரிக்காவில் அதற்கு ஒரு வழி கண்டுபிடித்தார்கள். 1920-களில் எட் லூயிஸ் என்ற பிரபல மல்யுத்த வீரரும் அவருடைய கூட்டாளிகளும் ஆட்டத்தின் போக்கையே மாற்றினார்கள். தூக்கி எறிதல், துள்ளிப் பாய்தல், குத்து, உதை எல்லாம் சேர்ந்தன. நேர வரம்பு வந்தது. யாருக்கு வெற்றி என்பதும் மேடை ஏறுமுன்பே பேசி முடிக்கப்பட்டது.

1948-இல் அங்கே மல்யுத்தக் காட்சி நடத்துகிறவர்கள் ஒன்றுகூடித் தேசிய மல்யுத்தக் கூட்டணி என்ற சங்கத்தை அமைத்தார்கள். ஆளுக்கொரு வட்டாரம் என்று நாட்டைப் பங்கு போட்டுக்கொண்டார்கள். உலகச் சாம்பியன் பட்டம் ஒருவருக்குத்தான். மற்ற நூற்றுக்கணக்கான வீரர்கள் கூலிக்கு மல்லுக்கு நிற்பவர்கள். இன்று ஒரு ஊர், நாளை வேறு ஊர். இரவு ஆட்டம், விடிந்தால் கார்ப் பயணம். போகிற ஊரில் எல்லாம் உள்ளூர் வீரனிடம் உதைபட வேண்டும். அதற்குத்தான் சம்பளம்!

வில்லன் இல்லாமல் ராஜபார்ட் ஏது?

தோற்பது சுலபம் என்று நினைத்துவிடக் கூடாது. திண்டுக்கல் பக்கத்துத் திருவிழாக்களில் விடிய விடிய அரிச்சந்திர நாடகம் பார்த்தவர்களுக்கு இது விளங்கும். விசுவாமித்திரர் எவ்வளவுக்கு எவ்வளவு கொடுமை செய்கிறாரோ, அவ்வளவுக்கு அவ்வளவு அரிச்சந்திரன் உயர்கிறான். விசுவாமித்திரர் வேஷக்காரர் சொதப்பினால் ராஜபார்ட்காரரின் பாடு திண்டாட்டம்தான்!

மல்யுத்த மேடையிலும் அப்படியே. ஒல்லிப் பிச்சானை வீழ்த்தினால் யாரும் கைதட்ட மாட்டார்கள். மலை போன்ற ஆள் உள்ளே வர வேண்டும். உறும வேண்டும். முறை தவறி அடிக்க வேண்டும். ஜனங்கள் திட்டித் தீர்க்க வேண்டும். அதன் பிறகு அந்த மலை சாய வேண்டும்.

சாய்வதிலும் வித்தை உண்டு. மேடை என்பது பலகையின்மேல் மெல்லிய மெத்தை போட்டு, கித்தான் விரித்த தளம். அதில் விழுகிறவன் முதுகு முழுவதும் ஒரே சமயத்தில் தரையில் படும்படி விழ வேண்டும். மோவாயை நெஞ்சோடு ஒட்டிவைத்துத் தலையைக் காக்க வேண்டும். கைகளை விரித்துத் தளத்தில் அறைய வேண்டும். அடி ஓரிடத்தில் இறங்காமல் பரவிவிடும். சத்தமும் இடி மாதிரி கேட்கும்!

அப்படியும் வலி இல்லாமல் போகாது. முடிவுதான் பேசி வைத்தது. விழுகிற உடம்பு நிஜமானது. 400 பவுண்டு சரீரம் விழும்போது, அந்த 400 பவுண்டும் அதே முதுகில்தான் இறங்குகிறது!

டோக்கியோவில் ஒரு ராத்திரி

கிங்காங் சிங்கப்பூரைத் தம் இருப்பிடமாக்கிக்கொண்டார். அந்நாளில் அங்கே "நியூ வேர்ல்டு", "கிரேட் வேர்ல்டு", "ஹாப்பி வேர்ல்டு" என்று மூன்று கேளிக்கைப் பூங்காக்கள் இருந்தன. நாடகம், நடனம், குத்துச்சண்டை, குஸ்தி எல்லாம் அங்கே நடக்கும். சீனரும், மலாய்க்காரரும், தமிழரும், சீக்கியரும் தோளோடு தோள் இடித்துக்கொண்டு வேடிக்கை பார்ப்பார்கள். அங்கிருந்து கிங்காங் நாடு நாடாகப் போய் வந்தார்.

1955 நவம்பரில் ஜப்பானுக்குப் போனார். அங்கே ரிக்கிடோசான் என்ற வீரர் ஜனங்களின் கண்கண்ட தெய்வமாக இருந்தார். 1945-இல் யுத்தத்தில் தோற்று நொந்துபோயிருந்தது ஜப்பான். வெள்ளைக்காரப் பயில்வான்களை ரிக்கிடோசான் அடித்து வீழ்த்துவதைத் தெருவில் வைத்த டெலிவிஷன் பெட்டிகளின் முன் பெருங்கூட்டமாக நின்று பார்த்தார்கள். ஆனந்தக் கண்ணீர் விட்டார்கள். ரிக்கிடோசான் பிறந்தது கொரியாவில் என்பது அவர்களில் பெரும்பாலோருக்குத் தெரியாது!

டோக்கியோவில் ஆசியச் சாம்பியன் பட்டத்துக்கான போட்டி. ரிக்கிடோசான் வென்றார். அவர் வெல்வதற்கு எதிரே நின்ற மலை, கிங்காங்.

தாராசிங் வந்தார்!

ஜப்பானியருக்கு ரிக்கிடோசான் எப்படியோ, இந்தியருக்குத் தாராசிங் அப்படி. பஞ்சாபில் அமிர்தசரஸ் ஜில்லா தர்மூசக் கிராமத்து விவசாயி வீட்டுப் பிள்ளை. பிறந்தது 1928-இல். பிழைப்புத் தேடி 1947-இல் சிங்கப்பூருக்குக் கப்பல் ஏறி, அங்கேதான் தொழில்முறைக் குஸ்தி கற்றார். உயரம் 6 அடி 2 அங்குலம். பார்ப்பதற்கு ராஜகுமாரன் போன்ற தோற்றம்.

இந்த ராஜகுமாரனுக்கு ஒரு ராட்சதன் தேவைப்பட்டான். பம்பாய், கல்கத்தா, சென்னை என்று எங்கே தாராசிங் - கிங்காங் என்று சுவரொட்டி ஒட்டினாலும் கூட்டம் அலைமோதியது. நாடு சுதந்திரம் பெற்றுச் சில ஆண்டுகளே ஆகியிருந்தன. வெள்ளைக்காரப் பூதத்தை ஒரு கிராமத்து இந்தியன் வீழ்த்துவதைக் கண்டு ஜனங்கள் கூத்தாடினார்கள். கிங்காங்கைத் தாராசிங் தலைக்கு மேல் தூக்கி வீசினார் என்பது இன்றும் சொல்லப்படுகிற கதை.

தாராசிங் 1959-இல் கல்கத்தாவில் கனடா வீரர் கார்டியங்கோவை வென்று காமன்வெல்த் சாம்பியன் ஆனார். 1968-இல் பம்பாயில் அமெரிக்காவின் லூ தெஸ்ஸையும் வென்றார். நடுவே, 1962-இல், சினிமாவிலும் கதாநாயகன் ஆகிவிட்டார். அந்த இந்திப் படத்தின் பெயர் என்ன தெரியுமா? "கிங்காங்"! மேடையில் தோற்றவரின் பெயர், வென்றவரின் படத்துக்குத் தலைப்பாகிவிட்டது.

கடைசிப் பயணம்

தாராசிங்குக்கு வாழ்வு மேலே மேலே போயிற்று. 1987-இல் தொடங்கிய தூர்தர்ஷன் "ராமாயணம்" தொடரில் அனுமனாக வந்தார். 2003-இல் ராஜ்ய சபை உறுப்பினர் ஆனார். 2012-இல் அவர் காலமானபோது நாடே வருந்தியது.

கிங்காங்குக்கு அந்தப் பாக்கியம் இல்லை. 60 வயதை எட்டியும் அவர் மேடையை விடவில்லை. கூலிக்கு மல்லுக்கு நிற்பவனுக்கு ஓய்வூதியம் ஏது? அவனுடைய கடை, அவனுடைய உடம்புதான். அது நிற்கும்வரை தொழில்.

1970 மே மாதம் கார் விபத்தில் படுகாயம் அடைந்து, சிங்கப்பூரில் காலமானார். மேடையில் எத்தனையோ தடவை விழுந்து எழுந்தவர், சாலையில் பட்ட அடியிலிருந்து எழுந்திருக்கவில்லை.

இந்தத் தொழிலின் ரகசியம் 1989-இல் பகிரங்கமாகவே உடைந்தது. அமெரிக்காவில் நியூஜெர்சி மாகாணச் சட்டசபையில், விளையாட்டுப் போட்டிகளுக்கு உரிய கட்டுப்பாட்டிலிருந்து விடுபடுவதற்காக, பெரிய மல்யுத்தக் கம்பெனி ஒன்றே, "இது போட்டி அல்ல, பொழுதுபோக்குக் காட்சி" என்று ஒப்புக்கொண்டது.

அந்த ஒப்புதலைக் கேட்கக் கிங்காங் உயிரோடு இல்லை. இருந்திருந்தால், அவர் தோற்றதெல்லாம் பலக்குறைவால் அல்ல என்பதைப் பார்த்தவர்கள் தெரிந்துகொண்டிருப்பார்கள். எதிராளியை உயரத் தூக்கிக் காட்ட, அந்த எதிராளியைவிடக் கனமான ஒருவர் தம்மைத் தாழ்த்திக்கொண்டார். அதைத்தான் ஜனங்கள் தோல்வி என்றார்கள்.

தமிழ்நாட்டில் உடம்பு பெருத்தவனைக் கண்டால் "கிங்காங் மாதிரி இருக்கிறான்" என்று சொல்லும் வழக்கம் நின்றுவிடவில்லை. சொல்கிறவர்களுக்கு எமில் சாயா யாரென்று தெரியாது.

அகரத்துப் பையன்கள் ஒன்றை மட்டும் அன்றே சரியாகப் புரிந்துகொண்டிருந்தார்கள். தாராசிங் ஆகப் பத்துப் பேர் வரிசையில் நிற்கலாம். கிங்காங் ஆக ஒருவன் ஒத்துக்கொண்டால்தான் ஆட்டம் தொடங்கும்!